போடி முதல் காந்தளூர் வரை: நாழிகைக் காளானுக்கு ஒரு காடு தேடி

வியாழன், போடிநாயக்கனூர்

காலத்தின் ஓட்டத்தை மாற்றும் காளான் என்று ஒன்று உலகத்தில் கிடையாது. நானும் என் அக்கா மகளும் சேர்ந்து எழுதப்போகும் கதையில் மட்டும் உண்டு. நாழிகைக் காளான் என்று பெயர் வைத்துவிட்டோம். இனி அது வாழ ஒரு காடு வேண்டும், காட்டை ஒட்டி ஊர் வேண்டும், ஊரில் உழைத்துப் பிழைக்கும் சனங்கள் வேண்டும். எங்கோ அமேசானில் கொண்டுபோய் வைக்க எங்களுக்கு மனசு வரவில்லை. தேனி மாவட்டத்துக்காரர்கள் நாங்கள். மொட்டை மாடியில் நின்று மேற்கே பார்த்தால் மலை, மலைக்கு அந்தப் பக்கம் கேரளம். அந்த எல்லையோரமாகவே போய்ப் பார்த்துவிடலாம் என்று கிளம்பிவிட்டோம். பூப்பாறை, மூணாறு, வட்டவடை, மறையூர், காந்தளூர், அப்புறம் உடுமலை வழியாக இறங்கி வீடு. அன்றன்றைக்குப் பார்த்ததை ராத்திரியே எழுதிப் போடுகிறேன்.

அக்கா மகள் மதுரையில் தாவரவியல் படிக்கிறாள். கதை பேச ஆரம்பித்த அன்றே சட்டம் போட்டுவிட்டாள். "சித்தி, மந்திரம் மாயம்னு எழுதிராதீங்க. நிஜக் காளான் செய்யாத எதையும் நம்ம காளான் செய்யக் கூடாது. காலத்தை மட்டும் நாம சேத்துக்கலாம்." நல்ல சட்டம். இதை மீறாமல் எழுதினால்தான் படிக்கிறவர் நம்புவார்.

நிஜக் காளான் என்ன செய்கிறது? குடை மாதிரி நாம் பார்ப்பது அதன் கனி மட்டும்தான். உடம்பு மண்ணுக்குள்ளும் கட்டைக்குள்ளும் மெல்லிய இழைகளாகப் பரவிக் கிடக்கிறது. அமெரிக்காவின் ஓரிகன் மாநிலக் காடு ஒன்றில் ஆர்மிலேரியா என்ற காளான் சுமார் 965 ஹெக்டேர் பரப்பில் ஒரே உயிராகப் படர்ந்திருக்கிறது. அதன் வயதை சுமார் 2,000 ஆண்டிலிருந்து 8,000 ஆண்டுக்கு மேல் வரைக்கும் மதிப்பிடுகிறார்கள். மழை பெய்த மறுநாள் காளான் திடீரென்று முளைக்கிறதே, அதுவும் உண்மையில் திடீர் வேலை இல்லை. மொட்டுக்குள் செல்கள் முன்கூட்டியே உருவாகிக் காத்திருக்கும். ஈரம் கிடைத்ததும் தண்ணீரை உறிஞ்சி உப்பி எழுவதுதான் அந்த ஒரு ராத்திரி வேலை. நாள் கணக்கில் சேர்த்ததை ஒரே ராத்திரியில் செலவழிக்கிற உயிர்.

எங்கள் காளானின் முதல் விதி இதிலிருந்து வந்தது. நாழிகைக் காளானின் இழை ஓடுகிற மண்ணில் காலம் மெதுவாக நகரும். அங்கே அடைகாக்கும் முட்டை பொரிய நாள் கூடும், விழுந்த மரம் மக்காது. இழை அந்தக் காலத்தைச் சேர்த்து வைக்கும். மழைக்குக் குடை விரிக்கிறபோது சேர்த்ததெல்லாம் வெளியே வரும். குடையைச் சுற்றி ஒரு முழ தூரத்துக்குள், காய் கண்ணெதிரே பழுத்து, அழுகி, விதை விழுந்து முளைவிட்டுவிடும். ஓரிடத்தில் எடுத்த காலம் இன்னோரிடத்தில் வந்து சேர்ந்தே ஆக வேண்டும். கணக்கு தப்பக் கூடாது.

சாயங்காலம் தெரிந்தவர் ஒருவரின் ஏலக்காய்க் கிட்டங்கிக்குப் போனோம். காயை அளவு பார்த்துச் சலித்துத் தனித்தனியாகக் குவித்திருந்தார்கள். பெரியவர் ஒரு காயை எடுத்துக் காதருகே குலுக்கிப் பார்த்தார், நகத்தால் கீறினார். ஈரம் 10 சதவீதத்துக்கு மேல் இருந்தால் வாங்க மாட்டாராம். "ஈரம் ஏறுச்சுன்னா பூசணம் பூத்துரும் தாயி. பச்சை போயிரும், வாசமும் போயிரும்." கறுப்பு பாலிதீன் உறை போட்ட சாக்கில் கட்டி வைப்பதும் பச்சை நிறத்தைக் காப்பாற்றத்தான். எங்கள் காளானைப் பற்றிச் சொன்னதும் அவருக்கு உடனே புரிந்துவிட்டது. "அப்ப விலை ஏறுற வரைக்கும் பச்சைக் காயை அப்படியே போட்டு வைக்கலாமே" என்றார். காலம் நின்றால் முதலில் லாபம் பார்ப்பது யார் என்று கதையில் எழுத வேண்டியதை அவரே சொல்லிவிட்டார்.

வெள்ளி, போடிமெட்டு, பூப்பாறை

விடியும் முன்னே போடியில் ஜீப்புகள் நிற்க ஆரம்பித்துவிடும். தமிழ்நாட்டுப் பெண்கள் கேரளத்து ஏலத் தோட்டங்களுக்கு ஏறிப்போய், வேலை முடிந்து அன்றைக்கே இறங்கி வருவார்கள். தேவாரம், கம்பம் பக்கத்திலும் இதே வழக்கம்தான். தூக்குவாளி, மழைக்குப் போர்த்த பிளாஸ்டிக் தாள், தலைக்குத் துண்டு. நாங்களும் ஒரு ஜீப்பில் இடம் கேட்டு ஏறிக்கொண்டோம். ஒடுங்கி உட்கார்ந்து எங்களுக்கு இடம் விட்டார்கள்.

போடிமெட்டுக்கு 17 கொண்டை ஊசி வளைவுகள். ஏற ஏறக் காது அடைக்கிறது, காற்று குளிர்கிறது. கூடவே காலமும் வேகமாகிறது. இது கற்பனை இல்லை. பூமியின் ஈர்ப்பு குறையக் குறைய கடிகாரம் வேகமாக ஓடும் என்பது ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல். 1960இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பவுண்டும் ரெப்காவும் வெறும் 22.5 மீட்டர் உயரத்துக்குக் காமாக் கதிர்களைச் செலுத்தியே இந்த வேறுபாட்டை அளந்து காட்டினார்கள். 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிற கடிகாரம் அடிவாரக் கடிகாரத்தைவிட ஆண்டுக்கு சுமார் 5 மைக்ரோ வினாடி முந்தும். மலைமேல் ஆயுசு முழுக்க இருந்தாலும் ஒரு கண்சிமிட்டலுக்குக்கூடப் போதாது. அப்படியானால் நம் காளான் எடையை வைத்துக் காலத்தை இழுக்கிறது என்று எழுத முடியாது, அவ்வளவு எடையை இந்த மலை தாங்காது என்றாள் அக்கா மகள். சரி, எப்படி இழுக்கிறது என்று விளக்கப் போவதில்லை. இழுத்ததற்குக் கணக்கு மட்டும் ஒழுங்காக வைத்துக்கொள்வோம்.

பக்கத்தில் இருந்த அக்கா, எதற்காக நோட்டும் கையுமாக வருகிறோம் என்று கேட்டார். சொன்னோம். எல்லாரும் கேட்டார்கள். அக்கா மகள் கணக்குப் போட்டுக் காட்டினாள்: மேட்டில் எட்டு மணி நேரம் ஆனால், காளான் இழை ஓடுகிற பள்ளத்தில் ஐந்து மணி நேரம்தான் ஆகியிருக்கும். அஞ்சு மணி நேரம் உழைத்துவிட்டு முழுக் கூலி வாங்கலாமே என்று ஒரு சின்னப் பெண் சந்தோஷப்பட்டாள். அந்த அக்கா தலையை ஆட்டினார்.

"நீ ஒருத்தி. மேட்டுல நிக்கிற கங்காணி அவரு கடியாரத்தையா பாப்பாரு? உன் கடியாரத்தப் பாத்துத்தான் எட்டு மணி கேப்பாரு. பள்ளத்துல எட்டு முடிச்சு நீ மேல ஏறி வந்தா ராத்திரி ஒம்பது ஆயிருக்கும். பிள்ளைக பசியோட கெடக்கும்."

ஜீப்பில் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. நானும் அவளும் மாதக் கணக்கில் இந்தக் காளானைப் பற்றிப் பேசியிருக்கிறோம். எங்களுக்கு இது தோன்றவே இல்லை. காலம் மாறினால் யாருடைய கடிகாரத்துக்குக் கூலி என்ற கேள்வி, கூலி வாங்குகிறவருக்குத்தான் முதலில் வரும்.

மெட்டில் சோதனைச்சாவடி தாண்டி ஒரு டீக்கடை. சுவரில் ஒரு தமிழ்க் காலண்டர், ஒரு மலையாளக் காலண்டர். நமக்கு ஐப்பசி, அவர்களுக்குத் துலாம். கொல்லம் ஆண்டு கி.பி. 825இல் தொடங்குகிறது, வருடப் பிறப்பு சிங்ஙம் மாதத்தில், அதாவது நம் ஆவணியில். கடைக்காரர் சம்பளம் கொடுப்பது ஒன்றைப் பார்த்து, கோயில் திருவிழாவுக்குப் போவது இன்னொன்றைப் பார்த்து. இங்கே யாருக்கும் அது ஒரு விஷயமே இல்லை.

பூப்பாறைப் பக்கம் ஒரு தோட்டத்தில் மருந்து கலக்குவதைப் பார்த்தோம். ஏலத்துக்கு மழைக்காலத்தில் வரும் பெரிய பகை அழுகல் நோய். காய் தண்ணீர் கோத்து நிறம் மாறி, சரத்தோடு உதிரும், நாறும். அதற்குப் போர்டோ கலவை தெளிக்கிறார்கள். ஒரு டிரம்மில் செம்பு உப்பான மயில்துத்தத்தைக் கரைத்தார்கள், இன்னொன்றில் சுண்ணாம்பு. இரண்டையும் சேர்த்து ஊற்றினதும் வானநீலத்தில் குழம்பாகத் திரண்டது. மேஸ்திரி சாணை பிடித்த கத்தியை அதில் முக்கி, கொஞ்ச நேரம் வைத்திருந்து வெளியே எடுத்தார். அலகில் செம்பு நிறம் லேசாகப் படிந்திருந்தது. "இன்னும் காரம் இருக்கு, இலை கருகிரும்" என்று ஒரு சட்டி சுண்ணாம்புத் தண்ணீரைக் கூடச் சேர்த்தார். மறுபடி முக்கினார். இந்த முறை இரும்பு இரும்பாகவே வந்தது. 1885 வாக்கில் பிரான்சின் போர்டோ பகுதியில் மில்லார்டே என்ற தாவரவியலாளர் திராட்சைக்காக உருவாக்கிய கலவை இது. இன்றைக்கும் அதே இரண்டு சரக்கு, அதே கத்தி.

அழுகலை உண்டாக்கும் பைட்டோப்தோரா அசல் பூஞ்சை இல்லை, பூஞ்சை போல வாழும் வேறு குடும்பம் என்று அக்கா மகள் திருத்தினாள். தோட்டத்துக்காரர்கள் பேச்சில் எல்லாமே பூஞ்சைதான். அதை எதிர்க்க அசல் பூஞ்சையான டிரைக்கோடெர்மாவை வளர்த்து வேரடியில் போடுகிறார்களே, அது எனக்குப் பிடித்திருந்தது.

சனி, மூணாறு

மழை விடவே இல்லை. அறைச் சன்னல் வழியாகத் தெரிகிற சரிவெல்லாம் தேயிலை. இன்று ஊர் சுற்றியது குறைவு, பேசினதும் எழுதினதும்தான் அதிகம்.

காலத்தை மாற்றும் காளான் என்று கற்பனை செய்துகொண்டு வந்தவளுக்கு, அப்படி ஒரு பூஞ்சை நிஜமாகவே இருந்திருக்கிறது என்று இந்தச் சரிவைப் பார்த்துக்கொண்டிருந்தபோது உறைத்தது. அதன் பெயர் ஹெமிலியா வாஸ்டாட்ரிக்ஸ். காப்பி இலையின் அடியில் ஆரஞ்சுப் பொடியாகப் படரும், நாம் துரு நோய் என்போம். 1869இல் இலங்கையில் அது தென்பட்டது. இலை உதிர்ந்த காப்பிச் செடி காய்க்கத் திராணியில்லாமல் மெலிந்தது. 1880இல் மார்ஷல் வார்டு என்ற இளம் தாவரவியலாளரை அனுப்பி ஆராய வைத்தார்கள். காற்றில் பரவும் வித்துகளால் நோய் வருகிறது, காடு அழித்து ஒரே பயிரை மலை மலையாக நட்டதே அது பரவ வழி செய்தது என்று அவர் காட்டினார். காரணம் தெரிந்தது, காப்பி பிழைக்கவில்லை. துரைமார்கள் தேயிலைக்கு மாறினார்கள்.

இதில் நம் சனங்களுக்கு என்ன ஆயிற்று என்பதுதான் எனக்கு முக்கியம். காப்பி பருவப் பயிர். பழம் பறிக்கிற மாதங்களுக்கு ராமநாதபுரத்திலிருந்தும் திருச்சியிலிருந்தும் மதுரைப் பக்கமிருந்தும் கிளம்பிப் போவார்கள், வழியில் செத்தவர்கள் போக மிச்சப்பேர் காசோடு ஊர் திரும்புவார்கள். வருடத்தில் பாதி அங்கே, பாதி இங்கே. சொந்த ஊர் நெல் விதைப்பும் பொங்கலும் கைவிட்டுப் போகாது. தேயிலை அப்படி இல்லை. வாரம் பத்து நாளுக்கு ஒருமுறை கொழுந்து வந்துகொண்டே இருக்கும், பன்னிரண்டு மாதமும் ஆள் வேண்டும். ஆகவே குடும்பத்தோடு வரச் சொன்னார்கள், லயம் என்ற வரிசை வீடுகள் கட்டிக் குடிவைத்தார்கள். பிள்ளை அங்கேயே பிறந்து, அங்கேயே கொழுந்து பறித்தது. ஒரு இலைப் பூஞ்சை வந்து, ஒரு கூட்டத்தின் வருடத்தையே வேறொன்றாக ஆக்கிவிட்டது. 1964இல் இந்திய, இலங்கை அரசாங்கங்கள் உட்கார்ந்து ஒப்பந்தம் போட்டு, இந்தியா 5,25,000 பேரை ஏற்றுக்கொள்வது என்று எழுதியபோது, அந்தக் கணக்கில் வந்தவர்களில் பலர் இந்த மண்ணைப் பார்த்ததே இல்லை. எங்கள் தெருவில் சிலோன் ஆத்தா என்று ஒருவர் இருந்தார். ஊர் எது என்று கேட்டால் கடைசி வரைக்கும் எஸ்டேட் பெயரைத்தான் சொன்னார்.

மூணாறு மலையும் இதே கதையின் இன்னொரு கிளை. 1877இல் பூஞ்ஞாறு அரச குடும்பத்திடமிருந்து மன்றோ என்ற ஆங்கிலேயர் இந்த மலைகளைக் குத்தகைக்கு வாங்கினார். காப்பி, மலேரியா மருந்துக்கான சிங்கோனா மரம் எல்லாம் போட்டுப் பார்த்த பிறகுதான் தேயிலை நிலைத்தது. இங்கேயும் கொழுந்து பறிக்க மலையேறியவர்கள் பெரும்பாலும் தமிழர்கள், இங்கேயும் லயம். தேயிலையையும் பூஞ்சை விட்டு வைக்கவில்லை. கொப்புள நோய் 1946இல் தென்னிந்தியாவுக்கு வந்தது. இளங்கொழுந்தில் மட்டும்தான் பிடிக்கும், விற்கிற இலையும் அதுதான்.

ராத்திரி அக்கா மகள் செல்போனில் ஒரு படம் காட்டினாள். நீளமான கண்ணாடிக் குழாய், உள்ளே சீரான இடைவெளியில் ஆரஞ்சுப் பட்டைகள். நியூரோஸ்போரா என்ற ரொட்டிப் பூஞ்சை. குழாயின் ஒரு முனையில் விதைத்தால் மறு முனை நோக்கி வளர்ந்துகொண்டே போகும். முழு இருட்டில் வைத்தாலும் சுமார் 22 மணி நேரத்துக்கு ஒருமுறை வித்துகளை உண்டாக்கி ஒரு பட்டை போடும். அது அதன் நாள். குளிரில் வளர்ச்சி குறையும், ஆனால் பட்டைக்குப் பட்டை ஆகிற நேரம் அவ்வளவாக மாறாது. 1973இல் பெல்ட்மனும் ஹாயிலும் இதில் கடிகாரம் மாறிய வகைகளைக் கண்டார்கள். ஒரே மரபணுவில் மாற்றம். ஒன்றுக்கு ஒரு நாள் என்பது 16 மணி நேரம், இன்னொன்றுக்கு 24 மணி நேரம். 1983இல் ஸ்பேஸ்லேப் விண்வெளி ஆய்வகத்தில் ஏற்றிப் பூமியை விட்டு வெளியே கொண்டுபோய்ப் பார்த்தார்கள். அங்கேயும் அதன் தாளம் அடங்கவில்லை.

இதிலிருந்து இரண்டாம் விதி. நாழிகைக் காளான் காலத்தை இடைவிடாமல் உறிஞ்சாது. தன் சொந்த நாளுக்கு ஒருமுறை உறிஞ்சும். இழை வெளிநோக்கிப் படரப் படர, மண்ணில் வளையம் வளையமாகக் காலம் மெதுவான பட்டைகள் உண்டாகும். இரண்டு பட்டைக்கு நடுவில் எல்லாம் வழக்கம்போல.

ஞாயிறு, டாப் ஸ்டேஷன், பாம்பாடும்சோலை

டாப் ஸ்டேஷனுக்கு ஒரு காலத்தில் ரயில் வந்தது. 1908இலிருந்து மூணாறுக்கும் இதற்கும் நடுவே சின்ன ரயில் ஓடியது. இங்கிருந்து தேயிலைப் பெட்டிகள் கம்பிவடத்தில் கீழே கொட்டகுடிக்கு இறங்கி, போடிக்குப் போயின. 1924 வெள்ளத்தில் தண்டவாளம் போயிற்று, திரும்பப் போடவே இல்லை. பள்ளத்தாக்கை எட்டிப் பார்த்தோம், மேகம் தவிர ஒன்றும் தெரியவில்லை.

வட்டவடை போகும் வழியில் பாம்பாடும்சோலை தேசியப் பூங்கா. ஒன்றரைச் சதுர கிலோமீட்டருக்கும் சிறியது. வனத்துறை அனுப்பிய, முதுவான் என்ற மலைவாழ் சமூகத்துப் பெரியவர் கூட வந்தார். உள்ளே போனதும் வெளிச்சம் பச்சையாகிவிட்டது. கொஞ்ச தூரத்தில் பாதைக்குக் குறுக்கே ஒரு பெரிய மரம் விழுந்து கிடந்தது. விழுந்து ரொம்ப வருஷம் ஆயிற்று என்றார். அதன் பக்கத்திலேயே மண்டி போட்டு உட்கார்ந்துவிட்டோம்.

ஒரு பக்கம் மரம் வெளுத்து, ஈரப் பஞ்சாக, நார் நாராகப் பிரிந்தது. வெண்மக்கல், மரத்துக்கு உறுதி தரும் லிக்னினையே தின்னும் பூஞ்சை. மறுமுனையில் பழுப்பாக, சின்னச் சின்னக் கட்டங்களாக வெடித்திருந்தது. அங்கே மரநாரான செல்லுலோஸ் போய் லிக்னின் மட்டும் மிச்சம். ஒரே கட்டையில் இரண்டு பேர் ஆளுக்கொரு முனையில் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார்கள். நடுவில் தட்டுக் காளான் ஒன்று. அதன் அடிப்பக்கத்தை உருப்பெருக்கியில் பார்த்தால் ஊசித் துளைகள், கணக்கே இல்லை. கீழே இருந்த பாசியின் மேல் மாவு தூவினமாதிரி வித்துகள் படிந்திருந்தன. மேலே, கட்டையின் முதுகில், விரல் உயரத்தில் மரக்கன்றுகள் வரிசையாக முளைத்து நின்றன.

எங்கள் காளான் இருக்கிற இடத்தில் விழுந்த மரம் மக்காது என்று பெரியவரிடம் சொன்னேன். அவர் கன்றுகளைக் காட்டி, அப்படியானால் இதுகள் எதைத் தின்று வளரும் என்று கேட்டார். பதில் சொல்ல யோசிக்க வேண்டியிருந்தது. பூஞ்சைதான் காட்டின் நேரத்தை நகர்த்துகிறது. அது வேலையை நிறுத்தினால் செத்ததெல்லாம் செத்தபடியே குவியும், புதிதுக்கு உரமும் கிடைக்காது, இடமும் கிடைக்காது. ஆகவே நாழிகைக் காளான் குடை விரிக்கிற அந்த ராத்திரி வெறும் வேடிக்கைக் காட்சியாக இருக்க முடியாது. தடுத்து வைத்த மக்கலெல்லாம் ஒரே மூச்சில் நடந்து, காட்டுக்குச் சேர வேண்டிய உரம் போய்ச் சேர வேண்டும். அந்த மழை ஒரு வருடம் பொய்த்தால் காடு பட்டினி. கதைக்கு ஒரு பஞ்சம் கிடைத்துவிட்டது.

வெளியே வந்தால் புல்வெளிச் சரிவில் நீலக்குறிஞ்சிப் புதர்கள், பூ இல்லாமல். 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது, அடுத்தது 2030. மழையோ வெயிலோ பன்னிரண்டு வருடத்தை எண்ணிவிட்டு, மலை முழுக்க ஒன்றாகப் பூத்து, விதை விட்டுச் சாகிற செடி. பெரியவர் தன் வயதையும் மகள் கல்யாணத்தையும் குறிஞ்சிக் கணக்கில்தான் சொன்னார். அங்கங்கே ஒரு திட்டு மட்டும் வருஷம் மாறிப் பூப்பதும் உண்டு என்றார்.

அக்கா மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "சித்தி, அதான் நம்ம மேப்பு!" காளான் பட்டை ஓடுகிற இடத்தில் குறிஞ்சி பிந்திப் பூக்கும். மலை பூத்து ஓய்ந்த அடுத்த வருடம், மேட்டிலிருந்து பார்த்தால் காய்ந்த சரிவில் நீல வளையங்கள் மட்டும் தெரியும். எந்தக் கருவியும் இல்லாமல் காளான் எவ்வளவு தூரம் படர்ந்திருக்கிறது என்று ஊரே பார்த்துத் தெரிந்துகொள்ளலாம். இதைவிட நல்ல யோசனை இந்தப் பயணத்தில் வரப்போவதில்லை.

திங்கள், மறையூர்

மழை மறைவுப் பிரதேசம். மூணாற்றிலிருந்து இறங்கின உடனே வெயில். வேலிக்குள் சந்தன மரங்கள், காவல் கூடாரங்கள். வெளிமரத்தைக் கரையான் தின்னும், வாசமுள்ள நடுமரமான வைரத்தைத் தொடாது. வெட்டின மரத்தைத் தரையில் போட்டுக் கரையானை விட்டே வெளிமரத்தை நீக்குவது பழைய வழக்கம். பாறை மேட்டில் முனியறைகள், நாலு கற்பலகை நிறுத்தி மேலே ஒரு பலகை. பெருங்கற்காலத்து ஈமச் சின்னங்கள். கல்லும் வைரமும் மக்காத இடத்தில் எங்கள் காளானுக்கு வேலை இல்லை, கதையில் மறையூர் எல்லைக்கு வெளியே.

வெல்லம் காய்ச்சும் ஆலையில் மட்டும் கொஞ்சம் நின்றோம். கரும்பைப் பிழிந்ததும் சாற்றைக் கொப்பரையில் ஏற்றிவிட வேண்டும். தாமதித்தால் காற்றிலிருந்தும் தோகையிலிருந்தும் வருகிற ஈஸ்ட்டும் பாக்டீரியாவும் வேலையை ஆரம்பித்துச் சாறு புளித்துவிடும், பாகு கெட்டியாகாது. கொப்பரைக்காரர் பேச்சுக் கொடுத்தாரே தவிர எங்கள் பக்கம் திரும்பவே இல்லை. பாகு பதத்தை விட்டுக் கண்ணை எடுக்க முடியாதாம். 2019இல் புவிசார் குறியீடு வாங்கிய வெல்லம். கையில் சூடாக ஒரு உருண்டை கொடுத்தார், சாப்பிட்டுக்கொண்டே ஏறினோம்.

செவ்வாய், காந்தளூர்

தங்கிய வீட்டுக்குப் பின்னால் மாட்டுத் தொழுவம். காலையில் பல் தேய்க்கப் போன அக்கா மகள், ஓடி வந்து என்னை இழுத்துக்கொண்டு போனாள். வேலியோரம் சில நாள் ஆன சாணி. அதன்மேல் கண்ணாடி நூல் போல, ஒரு சென்டிமீட்டர்கூட இல்லாத காம்புகள் நூற்றுக்கணக்கில். ஒவ்வொன்றின் தலையிலும் நீர் நிறைந்த குமிழ், குமிழின்மேல் மிளகைவிடச் சிறிய கறுப்புத் தொப்பி. எல்லாம் ஒரே பக்கமாக, கிழக்கே சாய்ந்து நின்றன.

பைலோபோலஸ் என்ற சாணிப் பூஞ்சை. குமிழ் வெளிச்சத்தைக் குவித்து, எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று காம்புக்குக் காட்டுகிறது. உள்ளே அழுத்தம் ஏறிக்கொண்டே போய், காலையில் குமிழ் வெடித்து, தொப்பியை வீசுகிறது. இரண்டு மீட்டர் தூரம் வரைக்கும் போகும். பார்த்துக்கொண்டே இருந்தோம். வீசுகிற கணம் கண்ணுக்குத் தெரியவில்லை. ஒரு காம்பு நிற்கும், அடுத்து பார்த்தால் தலை இருக்காது. அக்கா மகள் ஒரு வெள்ளைத் தாளைக் குறுக்கே பிடித்தாள். டிக், டிக் என்று கறுப்புப் புள்ளிகள் வந்து ஒட்டின. நகத்தால் சுரண்டியும் எளிதில் வரவில்லை. மாடு தன் சாணிக்குப் பக்கத்துப் புல்லை மேயாது. ஆகவே தள்ளியிருக்கிற புல்லில் போய் ஒட்டிக்கொண்டு, மாட்டின் வயிற்றுக்குள் போய், சேதமில்லாமல் சாணியோடு வெளியே வந்து மறுபடி முளைக்கிறது.

எங்கள் காளான் எப்படிப் பரவும் என்ற கேள்விக்கு இத்தனை நாளாகப் பதில் இல்லை. இப்போது கிடைத்தது. வித்து புல்லில் ஒட்டும், மாடு மேயும். வயிற்றில் இருக்கிற வரைக்கும் வித்து சும்மா இருக்காது, மாட்டின் காலத்தையும் கொஞ்சம் எடுத்துக்கொள்ளும். பால் கறந்துகொண்டிருந்த வீட்டுக்கார அம்மாவிடம் கேட்டேன். பசுவுக்குச் சினை ஒன்பது மாதமும் சில நாளும், பத்து நாள் முன்பின் ஆகலாம் என்றார். பதினாலு மாதம் ஆனால்? "காளைக்குச் சேர்த்த தேதி பொய்யின்னு சண்டை வரும். மாட்டை வித்தவன் வீட்டுல போய் நிப்பாங்க."

கதை அங்கே தொடங்கட்டும் என்று இருவரும் ஒப்புக்கொண்டோம். வட்டவடைப் பக்கத்து ஊர் ஒன்றில், நாள் தப்பியும் கன்று போடாத பசு, அதை விற்றவருக்கும் வாங்கியவருக்கும் பஞ்சாயத்து. குறிஞ்சி வளையமும் பட்டினிக் காடும் அவள் எழுதுவாள். கூலி அத்தியாயம் என்னுடையது, அதை யாருக்கும் விட்டுக்கொடுக்க மாட்டேன். அதில் அந்த ஜீப்புப் பெண்கள் வேலைக்கு இறங்கும் முன் தோட்டத்திடம் ஒரே ஒரு நிபந்தனை வைக்கப்போகிறார்கள்: கங்காணி தன் கடிகாரத்தோடு பள்ளத்துக்குள் வந்து, கடைசி ஆள் மேலே ஏறுகிற வரைக்கும் அவர்களோடு நிற்க வேண்டும்.